குந்தா மலைப் புல்வெளிகள்: ‘வெற்றுநிலம்’ என்னும் பார்வையும் தோடர் வேய்புல்லும்

முன்னுரை

நீலகிரி மாவட்டம் மஞ்சூரிலிருந்து கோரகுந்தா வழியாக அப்பர்பவானி செல்லும் சாலையில் தேயிலைத் தோட்டங்கள், சீகை மரக்காடுகள், சோலைகள், புல்வெளிகள் ஆகியன அடுத்தடுத்துக் காணப்படுகின்றன. இவற்றுள் சோலையும் புல்வெளியுமே இம்மலையின் தொல் தாவரத் தொகுதிகள். புல்வெளியை மரம் நடுவதற்குரிய வெற்றுநிலமாகக் கண்ட பார்வையின் விளைவுகளைத் தோடர் வேய்புல்லின் வழி இக்கட்டுரை ஆராய்கிறது.

புல்வெளியின் தொன்மை

மலைச்சரிவுகளில் கிரைசோபோகன் முதலிய பல்லாண்டுப் புற்கள் தூர்கட்டி வளர்கின்றன. உறைபனியில் தாள் கருகினும் அவை தூரிலிருந்து மீண்டும் துளிர்க்கும். இப்புல்வெளிகள் மனிதர் காட்டை அழித்ததால் தோன்றியவை என்ற கருத்து நெடுங்காலம் நிலவியது. நீலகிரிச் சதுப்புகளில் படிந்த மட்கினைக் கார்பன் ஐசோடோப்பு முறையில் ஆராய்ந்து, ஆர். சுகுமாரும் பிறரும் 1993இல் ‘நேச்சர்’ இதழில் வெளியிட்ட ஆய்வு அக்கருத்தை மறுபரிசீலனைக்கு உட்படுத்தியது. ஏறத்தாழ 20,000 ஆண்டுக் காலத்தில், தட்பவெப்ப மாற்றத்திற்கேற்ப இங்குத் தாவர வகைகள் மாறிவந்துள்ளதை அது காட்டியது.

மரநடவும் நீர்த்தேக்கங்களும்

19ஆம் நூற்றாண்டில் விறகுத் தேவைக்காக ஆஸ்திரேலியச் சீகையும் கற்பூர மரமும் கொண்டுவரப்பட்டன. விடுதலைக்குப் பின், தோல் பதனிடுவதற்கான பட்டைக்கும் ரேயான் ஆலைக்கான மரக்கூழுக்கும் நடவு விரிவடைந்தது. அக்காலத்திலேயே கொழும்புத் திட்டத்தின்கீழ் கனடா உதவியுடன் குந்தா நீர்மின் திட்டம் உருவாயிற்று. அவலாஞ்சி, எமரால்டு, அப்பர்பவானி நீர்த்தேக்கங்கள் பள்ளத்தாக்குகளை நிரப்பின. எஞ்சிய சரிவுகளில் சீகை பரவியது. வெயிலை நாடும் புல் அதன் நிழலில் நலிந்தது.

தோடர் வேய்புல்

தோடர் தம் கோயில்களை வேய்வதற்கு ‘அவ்ஃபுல்’ என்னும் சதுப்புநிலப் புல்லைப் பயன்படுத்துகின்றனர். புல்லியல் அறிஞர் க. ரங்காச்சாரியின் பெயர் தாங்கிய எரியோகிரைசிஸ் ரங்காச்சாரி என்னும் இது நீலகிரிக்கே உரியது. சதுப்புகள் மூழ்கியும் மரநடவால் வறண்டும் சுருங்கியதால் இதன் இருப்பிடம் குறைந்தது. எனவே, புல்லின் இழப்பு சூழலிழப்பாக மட்டுமன்றி, கோயிலைப் புதுப்பிக்கும் சடங்கிற்கு நேர்ந்த இடராகவும் அமைகிறது.

முடிவுரை

சீகையை வெட்டுவதால் மட்டும் புல்வெளி மீளாது. மண்ணில் பல்லாண்டுகள் உயிர்ப்புடன் கிடக்கும் அதன் விதைகள் மீண்டும் முளைக்கும். தொல் புற்களை நாற்றங்காலில் வளர்த்து நடுவதும் சதுப்பின் ஈரத்தைக் காப்பதும் உடன் தேவை. ஆவணங்கள் ‘வெற்றுநிலம்’ என்று குறித்தது தோடருக்கு மேய்ச்சல் நிலமாகவும் கூரையாகவும் வழிபாடாகவும் இருந்தது. நீலகிரி வரலாற்றை எழுதுவோர் அச்சொல்லை நிலத்தின் இயல்பாகக் கொள்ளாது, ஆட்சியாளரின் பார்வையாகவே கொள்ளுதல் வேண்டும்.