கித்துள்கலயில் எழுந்த குவாய் நதிப் பாலம்



நிலத்தையும் பொழுதையும் முதற்பொருள் என்றார் தொல்காப்பியர். திணை இலக்கணம் படிப்பிக்கையில் மாணவருக்கு விளங்கவேண்டுமென்று நான் சினிமாவை உதாரணங் காட்டுவதுண்டு. கதைக்கேற்ற இடத்தைத் தேடிப் பிடிப்பது திரையுலகில் ஒரு தனித்தொழில். அவ்விடத்தில் இல்லாததைக் கட்டியெழுப்புவது கலை நெறியாளரின் தொழில். முன்னவர் முதற்பொருளைத் தேடுகிறார். பின்னவர் கருப்பொருளை அமைக்கிறார். இத்தொழிலின் வலிமையைக் காண ஹொலிவூட் வரை போகவேண்டியதில்லை. அவிசாவளை வழியாக ஹட்டனுக்குப் போகும் பாதையிலே, கித்துள்கலயில் பஸ்ஸை விட்டு இறங்கினாற் போதும்.

பிரெஞ்சு எழுத்தாளர் பியர் பூல் 1952இல் வெளியிட்ட நாவலைத் தழுவி, டேவிட் லீன் நெறிப்படுத்திய 'குவாய் நதிப் பாலம்' என்னும் ஆங்கிலப் படம் 1957இல் வெளிவந்தது. ஜப்பானியரிடம் சிறைப்பட்ட பிரிட்டிஷ் போர்வீரர் சயாமியக் காட்டில் புகையிரதப் பாலம் கட்டும் கதை. ஆனால் படத்தில் நாம் காணும் நதி நமது களனி கங்கை. இருபுறமும் காடடர்ந்த மலை, நடுவே ஒடுங்கி வளையும் ஆறு, மரமும் இயந்திரமும் கொண்டுவரக் கொழும்பிலிருந்து நல்ல பாதை. இடந்தேடியவர் கண்ணுக்கு வேறென்ன வேண்டும்? கல்கிசை ஹோட்டலே படத்தில் இராணுவ மருத்துவமனையாயிற்று.

கலை நெறியாளர் டொனால்ட் அஷ்டன். அவர் பொறுப்பில் எழுந்தது அட்டைப் பாலமன்று. 400 அடிக்கு மேல் நீளமான, மெய்யான புகையிரதத்தைத் தாங்கவல்ல மரப்பாலம். யானைகளும் மரம் இழுத்தன. இத்தனையும் ஒருமுறை தகர்ப்பதற்காக! 1957 மார்ச் 10ஆம் திகதி, பிரதமர் எஸ். டபிள்யூ. ஆர். டி. பண்டாரநாயக்க பார்த்திருக்க, புகையிரதம் ஓடிவந்தது. கமராக்காரர் ஒருவர் பாதுகாப்பாக விலகவில்லை. லீன் வெடியைத் தடுத்துவிட்டார். பாலத்தைக் கடந்த வண்டி அக்கரையில் மின்பிறப்பாக்கியில் மோதிச் சேதமுற்றது. அதைச் செப்பனிட்டு, மறுநாள் பாலத்தோடு தகர்த்தார்கள். அந்தப் படத்துக்கு 7 ஒஸ்கார் விருதுகள் கிடைத்தன. கலை நெறியாள்கைக்கு விருது இல்லை. பரிந்துரைப் பட்டியலிற்கூட அஷ்டனின் பெயர் இல்லை. பாலம் அத்தனை மெய்யாக இருந்ததால் அதை ஒருவர் 'அமைத்தார்' என்பதே மறந்துபோயிற்றோ என்னவோ!

மெய்யான பாலம் தாய்லாந்தின் கஞ்சனபுரியில் உள்ளது. ஜாவாவிலிருந்து கொண்டுவந்த இரும்பு வளைவுகளால் 1943இல் அமைந்தது. படத்தில் வரும் பாலத்துக்கும் அதற்கும் தோற்றத்தில் ஒற்றுமையே இல்லை. அதன் கீழ் ஓடியது மே குளோங் என்னும் ஆறு. படம் பார்த்துவிட்டு வந்த வெளிநாட்டார் குவாய் நதி எங்கேயென்று கேட்கத் தொடங்கினர். 1960இல் தாய்லாந்து அரசாங்கம் ஆற்றின் அப்பகுதிக்குக் குவாய் யாய் என்றே பெயர் மாற்றிவிட்டது. கற்பனைக்கு ஏற்ப நிலத்தின் பெயரே மாறிய இந்நிகழ்ச்சிக்கு நமது உரையாசிரியர்கள் என்ன இலக்கணம் வகுத்திருப்பார்களோ!

முதலும் கருவும் பார்த்தோம். உரிப்பொருள்? அங்கேதான் எனக்கு மனம் ஆறுவதில்லை. 415 கிலோமீற்றர் நீளமான அந்தப் புகையிரதப் பாதையில் மாண்ட நேசநாட்டுப் போர்க்கைதிகள் 12,000க்கு மேற்பட்டோர். ஆசியத் தொழிலாளர் சாவு ஏறத்தாழ 90,000 என்பது பலரும் ஏற்ற மதிப்பீடு. பர்மியர், ஜாவானியர், மலாயர், இவர்களோடு மலாயா ரப்பர்த் தோட்டங்களிலிருந்து கொண்டுசெல்லப்பட்ட தமிழர் பெருந்தொகையினர். வாந்திபேதியும் மலேரியாவும் பட்டினியும் அவர்களைக் கூட்டங்கூட்டமாகக் கொன்றன. கஞ்சனபுரி யுத்த மயானத்தில் ஏறத்தாழ 7,000 போர்க்கைதிகளின் கல்லறைகள் ஒழுங்காகக் காக்கப்படுகின்றன. தோட்டத் தமிழருக்கு அத்தகைய பெயர் வரிசை இல்லை. படத்திலும் அவர்கள் கதை இல்லை. கித்துள்கலயைத் தாண்டி மலையேறினால் வருவது தேயிலைத் தோட்டம்; அங்கே வாழ்வோர், மலாயாவுக்குக் கப்பலேறியவர்களைப் போலவே தமிழகத்திலிருந்து கூலிகளாகக் கொண்டுவரப்பட்டோரின் வழித்தோன்றல்கள். அவர்களின் வாசலிலேயே அந்தப் பாலம் எழுந்து வெடித்தது.

இந்தக் குறையைத் தீர்க்க முயன்றவர்கள் மலேசியத் தமிழ் எழுத்தாளர்கள். ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்', அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்னம்' ஆகிய நாவல்கள் அந்தக் காட்டிற்குள் தமிழ்த் தொழிலாளியைத் தேடிச் செல்கின்றன. அவற்றை நம் மாணவர்கள் வாசிக்கவேண்டும். கித்துள்கலப் பாறைகளில் பாலத்தின் கொங்கிரீட் அடித்தளங்கள் மட்டும் எஞ்சியுள்ளன. உல்லாசப் பயணிகள் அவற்றின் மேல் நின்று படமெடுத்துக்கொள்கிறார்கள்.