கோவில்பட்டி ஹாக்கி: மைதானமும் மாணவரும்

தூத்துக்குடித் துறைமுகத்தின் வரலாற்றை எழுதுகிறவர்கள் முத்துக்குளிப்பில் ஆரம்பித்து, 1906-இல் வ.உ.சி. தொடங்கிய சுதேசி நாவாய்ச் சங்கத்துக்கு வந்து, 1974 ஜூலை 11-இல் பெருந்துறைமுகமாக அறிவிக்கப்பட்டதைச் சொல்லி நிறுத்துவது வழக்கம். துறைமுகத்துக்குப் பின்னால் கிடக்கும் கரிசல் காட்டைப் பற்றி இரண்டு வரி வரும், பருத்திக்காக. அந்தக் காட்டில் விளைந்த ஆட்டத்தைப் பற்றி ஒரு வரியும் வராது. இந்த விளையாட்டு விழா மலரில் அந்தக் குறையைக் கொஞ்சமாவது தீர்க்கலாம் என்றே இதை எழுதுகிறேன்.

1876-இல் மதுரையிலிருந்து தூத்துக்குடிக்கு ரயில் வந்தது. கோவில்பட்டி அந்தத் தடத்தில் இருக்கிறது. கரிசலில் எடுத்த பருத்தி மூட்டை மூட்டையாக அந்த வழியில் இறங்கித் துறைமுகத்தில் கப்பலேறியது. பிறகு ஊரிலேயே பஞ்சாலைகள் எழுந்தன. தீப்பெட்டித் தொழில் வந்தது. கடலை மிட்டாய் வந்தது. 2020-இல் அதற்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. இவற்றோடு சேர்ந்து அந்த ஊருக்கு நிலைத்த இன்னொரு அடையாளம் ஹாக்கி. வெள்ளைக்காரர் காலத்தில் ராணுவமும் ரயில்வேயும் பள்ளிக்கூடங்களும் நாடெங்கும் பரப்பிய ஆட்டம்தான். மற்ற ஊர்களில் அது கிரிக்கெட்டுக்கு வழிவிட்டு ஒதுங்கிவிட்டது. கோவில்பட்டி விடவில்லை. ‘ஹாக்கிப்பட்டி’ என்று பத்திரிகைகள் எழுதும் அளவுக்குத் தெருவுக்குத் தெரு மட்டை பிடித்த பிள்ளைகள் இங்கே உண்டு.

மட்டை பிடிக்கும் பிள்ளை ஆட்டக்காரன் ஆவதற்கு மூன்று காரியம் நடக்க வேண்டும். ஆட இடம் வேண்டும், சொல்லிக்கொடுக்க ஆள் வேண்டும், கடைசியில் ஒரு வேலை வேண்டும். இம்மூன்றில் முதல் இரண்டையும் கோவில்பட்டி தன் கைப்பாட்டில் நெடுங்காலம் பார்த்துக்கொண்டது. வ.உ.சி. பெயரைத் தாங்கிய அரசு ஆண்கள் மேல்நிலைப் பள்ளியும், ஊரைச் சுற்றியுள்ள கிராமங்களின் குழுக்களும், கே.ஆர். கல்வி நிறுவனங்கள் நடத்தும் லட்சுமி அம்மாள் நினைவுக் கோப்பை அகில இந்தியப் போட்டியும் அந்தப் பாரத்தைச் சுமந்தன. அந்தக் கோப்பைக்கு வெளிமாநில அணிகள் கோடை வெயிலில் வந்து இறங்கும். அந்த ஆட்டங்களைக் கம்பி வேலிக்கு இந்தப் பக்கம் நின்று பார்த்த பையன்கள் எத்தனையோ பேர். பார்த்துப் பழகுவதும் பயிற்சிதான். ஒரு நல்ல ஃபார்வர்டு பந்தை வாங்கும் முன்பே தலையைத் தூக்கி எங்கே பார்க்கிறார் என்பதை எந்தப் பாடப்புத்தகமும் சொல்லித்தராது.

மூன்றாவது காரியமான வேலைக்கு ரயில்வே, காவல்துறை, ராணுவம், வங்கி என்று விளையாட்டு ஒதுக்கீட்டைத் தேடிப் பிள்ளைகள் வெளியூர் போனார்கள். ஆடுகிற வயதிலேயே மட்டையை மூலையில் வைத்துவிட்டு வேறு பிழைப்பைத் தேடிக்கொண்டவர்களும் உண்டு. அவர்களைப் பற்றி எழுத யாரும் இல்லை.

தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்தின் ஹாக்கி சிறப்பு விளையாட்டு விடுதி கோவில்பட்டியில் அமைந்தபோது கதை மாறத் தொடங்கியது. தேர்வில் தேறுகிற பையனுக்குத் தங்குமிடம், சாப்பாடு, உபகரணம், பயிற்சி எல்லாம் அரசுச் செலவு. வேறு மாவட்டப் பிள்ளைகளும் வந்து சேர்ந்தார்கள். அரியலூரிலிருந்து வந்த எளிய குடும்பத்துப் பையன் செ. கார்த்தி. அவரோடு கோவில்பட்டி மண்ணின் பிள்ளையான சக்திவேல் மாரீஸ்வரன். இருவரும் முன்களத்தில் ஆடுகிறவர்கள்.

கிருஷ்ணா நகரில் செயற்கைப் புல்தரை போட்டது அடுத்த பெரிய மாற்றம். இதன் அருமை மண் தரையில் ஆடியவருக்குத்தான் தெரியும். கரடுமுரடான தரையில் பந்து எந்தக் கல்லில் தட்டி எங்கே துள்ளும் என்று சொல்ல முடியாது. அதனால் மண்ணில் வளர்ந்தவன் பந்தை ஒட்டி ஒட்டியே கொண்டுபோவான். தூரத்திலிருந்து வேகமாக வரும் பாஸை ஒரே தொடலில் நிறுத்தத் தெரியாது. செயற்கைத் தரையில் பந்து நேராகவும் விரைவாகவும் வரும். அதற்கும் ஒரு நிபந்தனை உண்டு. ஆட்டத்துக்கு முன்னால் தரை முழுதும் தண்ணீர் பீய்ச்ச வேண்டும். ஈரம் இல்லாவிட்டால் பந்து இழுபடும், சறுக்கி விழுகிறவன் முழங்கால் தோல் உரியும். தாமிரபரணியிலிருந்து சீவலப்பேரிக் குழாய் வழியே வரும் தண்ணீரைக் குடிக்கும் ஊர் இது. குடத்தோடு குழாயடியில் காத்துநின்ற காலம் எங்கள் வீட்டுப் பெண்களுக்கு மறந்துபோகவில்லை. அப்படிப்பட்ட ஊரில் ஒரு மைதானத்தை நனைத்துவைக்கிறார்கள் என்றால், அந்த ஆட்டத்தின் மேல் ஊர் வைத்திருக்கும் மதிப்பை அதிலேயே அளந்துகொள்ளலாம்.

உலகம் எப்போதோ இந்தத் தரைக்கு மாறிவிட்டது. 1976 மாண்ட்ரியல் ஒலிம்பிக்கில் செயற்கைத் தரை வந்தபோது இந்தியா ஏழாவது இடத்துக்கு இறங்கியது. நான்கு ஆண்டு கழித்து மாஸ்கோவில் நம் ஆரணிக்காரர் வாசுதேவன் பாஸ்கரன் அணித்தலைவராக நின்று தங்கம் வாங்கிக்கொடுத்தார். இறுதி ஆட்டத்தில் ஸ்பெயினை 4-3 என்று வென்றோம். அதற்கு முன் லீக்கில் சோவியத் அணியை 4-2 என்று வென்றிருந்தோம். அந்த சோவியத் ஆட்டக்காரர்களின் பின்னணியை இங்கே சொல்ல வேண்டும். ரஷ்யாவில் பனிக்கட்டித் தரையில் ஆடும் பந்து ஹாக்கி ஒன்று உண்டு, பேண்டி என்பார்கள். கால்பந்து மைதான அளவுக்குப் பனித்தரை, பக்கத்துக்குப் பதினொரு பேர், சிறிய பந்து, வளைந்த மட்டை, காலில் சறுக்குக் கத்தி. அந்த ஆட்டத்தில் கை தேர்ந்தவர்களையும் கொண்டுதான் சோவியத் நாடு தன் புல்தரை ஹாக்கி அணியை வளர்த்தது. மாஸ்கோவில் அவர்கள் வெண்கலம் எடுத்தார்கள்.

அதே பேண்டியில் சைபீரியாவின் கிராஸ்நோயார்ஸ்க் நகரத்து யெனிசேய் கழகம் 1980 முதல் 1989 வரை தொடர்ந்து பத்து முறை சோவியத் சாம்பியன் ஆனது. செர்கேய் லோமனோவ் என்ற பெயரில் தந்தையும் மகனும் அந்தக் கழகத்திலிருந்து நட்சத்திரங்களாக எழுந்தார்கள். தலைநகரை விட்டு வெகு தூரத்தில், ஆற்றங்கரையில் இருக்கும் ஒரு ஊர் ஓர் ஆட்டத்தைத் தன்னுடையது என்று பிடித்துக்கொண்டால் என்ன நடக்கும் என்பதற்கு அது சாட்சி. கோவில்பட்டிக்கும் அந்தத் தகுதி இருக்கிறது என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

2022 மே மாதத்தை நம் மாவட்டம் பொன்னெழுத்தில் எழுதிவைக்க வேண்டும். 17-ஆம் தேதி முதல் 29-ஆம் தேதி வரை ஹாக்கி இந்தியாவின் ஜூனியர் ஆண்கள் தேசியப் போட்டி கோவில்பட்டியில் நடந்தது. பல மாநில அணிகள் கிருஷ்ணா நகர் மைதானத்தில் ஆடிக்கொண்டிருந்தன. அதே நாட்களில், அந்த விடுதியில் வளர்ந்த இருவரும் ஜகார்த்தாவில் ஆசியக் கோப்பையில் இந்தியாவுக்கு ஆடிக்கொண்டிருந்தார்கள். பல ஆண்டுகளுக்குப் பிறகு இந்திய சீனியர் அணியில் தமிழ்நாட்டுப் பெயர்கள்.

மே 23, எதிரே பாகிஸ்தான். கார்த்தி நாட்டுக்காக ஆடிய முதல் ஆட்டம் அது. ஒன்பதாவது நிமிடம் பெனால்டி கார்னர். பந்து அவர் மட்டைக்கு வந்தது. அவர் அடித்தது பாகிஸ்தான் வீரரின் மட்டையில் பட்டுத் திசை மாறி கோலுக்குள் போனது. முடிய ஒரு நிமிடம் இருக்கையில் பாகிஸ்தான் சமன் செய்ய, ஆட்டம் 1-1. அடுத்து ஜப்பானிடம் 2-5 என்று தோற்றபோது இந்தியாவின் கதை முடிந்தது என்றே எல்லாரும் நினைத்தார்கள். அடுத்த சுற்றுக்குப் போக இந்தோனேசியாவைக் குறைந்தது பதினைந்து கோல் வித்தியாசத்தில் வெல்ல வேண்டும். 16-0 என்று வென்றார்கள். கார்த்தியின் பெயர் அந்தக் கோல் பட்டியலிலும் உண்டு. ஜூன் 1-இல் அதே ஜப்பானை 1-0 என்று வென்று வெண்கலம்.

2023 ஆகஸ்டில் சென்னை மேயர் ராதாகிருஷ்ணன் மைதானத்தில் ஆசிய சாம்பியன்ஸ் கோப்பை. மலேசியாவை 5-0 என்று வென்ற லீக் ஆட்டத்தில் முதல் கோல் கார்த்தியுடையது. இறுதி ஆட்டத்தில் அதே மலேசியாவிடம் 1-3 என்று பின்தங்கி, பிறகு 4-3 என்று எழுந்து கோப்பையை வாங்கிய அணியில் அவரும் இருந்தார். சொந்த மாநிலத்து ஜனங்களின் ஆரவாரத்துக்கு நடுவே ஆடும் பேறு எல்லா வீரருக்கும் வாய்ப்பதில்லை.

இவ்வளவு பெருமைக்கும் இடையில் மனசை உறுத்துவது ஒன்று. 2025 நவம்பர் 28 முதல் டிசம்பர் 10 வரை ஜூனியர் உலகக் கோப்பை சென்னையிலும் மதுரையிலும் நடந்தது. 24 நாடுகள் வந்தன. ஜெர்மனி வென்றது, இந்தியா வெண்கலம் எடுத்தது. கோவில்பட்டியிலிருந்து ரயிலேறினால் இரண்டு மணி நேரத்துக்குள் மதுரை. இருந்தும் இந்திய அணியில் தமிழ்நாட்டுப் பையன் ஒருவரும் இல்லை. திறமைக்குப் பஞ்சம் என்று நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். பதினான்கு வயதில் விடுதிக்கு வரும் பையனுக்கு அதற்கு முன் செயற்கைத் தரையில் கால் படுவதே இல்லை. கோல் கீப்பருக்கான கவசம் ஒரு செட் வாங்க ஒரு குடும்பத்தின் மாதச் சம்பளம் போதாது. அதனால் அந்த இடத்துக்குப் பிள்ளைகள் வருவதே குறைவு. பெனால்டி கார்னரில் பந்தை இழுத்து எறியும் டிராக் ஃபிளிக் வித்தைக்குத் தனிப் பயிற்சியாளர் வேண்டும்.

இங்கேதான் துறைமுக நகரத்தின் பங்கு வருகிறது. ஒரு காலத்தில் கரிசல் பருத்தி துறைமுகத்தை வளர்த்தது. இன்று சரக்குப் பெட்டக முனையங்களும் கப்பல் முகவர் நிறுவனங்களும் அனல் மின் நிலையங்களும் நிறைந்த ஊர் தூத்துக்குடி. ஆண்டுக்கு நான்கு ஆட்டக்காரருக்கு வேலை, ஆறு கோல் கீப்பர் கவசம், கடற்கரைக் கிராமத்துப் பள்ளிகளுக்கு மட்டைகள்: இவ்வளவையும் இந்த நகரத்து நிறுவனங்கள் ஒன்றுசேர்ந்தால் தாராளமாகச் செய்யலாம். கட்டுமரத்திலும் வள்ளத்திலும் ஏறி இறங்கி வளர்ந்த பரதவர் வீட்டுப் பிள்ளையின் தோள் வலுவும் கால் நிதானமும் ஹாக்கிக்கு ஏற்றவை. அவர்களை இதுவரை யாரும் தேடிப் போகவில்லை.

விழாக் குழுவினருக்கு ஒரு வேண்டுகோளும் உண்டு. கோவில்பட்டியிலும் சுற்றுக் கிராமங்களிலும் மாநில, பல்கலைக்கழக, துறை அணிகளுக்கு ஆடிய பெரியவர்கள் இன்னும் நம்மோடு இருக்கிறார்கள். அவர்கள் வீட்டுப் பெட்டியில் சான்றிதழும் மஞ்சளேறிய அணிப் புகைப்படமும் கிடக்கும். அடுத்த போட்டிக்குள் ஒரு பதிவேடு திறந்து, பெயர், ஆடிய ஆண்டு, அணி, கற்றுக்கொடுத்தவர் யார் என்று நான்கு பத்தியில் எழுதி வாங்குங்கள். புகைப்படங்களை நகலெடுத்துக்கொண்டு மூலத்தைப் பத்திரமாகத் திருப்பிக் கொடுத்துவிடுங்கள்.