முற்பிறவியைத் தேடி வந்த டொக்டர்

அமெரிக்காவில் வேர்ஜீனியா பல்கலைக்கழகத்தில் ஒரு அலமாரி. அதற்குள் ஒரு நம்பர் லொக். அந்த நம்பரை ஒரேயொரு மனுசன்தான் அறிவார். "நான் செத்த பிறகு யாருக்காவது இந்த நம்பரைத் தெரியப்படுத்தப் பார்க்கிறன்" என்ற கணக்கில் 1960களின் பிற்பகுதியில் அவர் அதைப் பூட்டி வைத்தார். 2007இல் இறந்தார். லொக் திறபட்டதாக எந்தச் செய்தியும் வரவில்லை.

அவர் பெயர் இயன் ஸ்டீவன்சன். இந்தக் கதையைக் கேட்டவுடனே 'லூசு' எண்டு சொல்லிப்போட்டுப் போறது சுகம். ஆனால் ஆள் லேசுப்பட்டவர் இல்லை. 1918இல் கனடாவின் மொன்றியலில் பிறந்து, மக்கில் பல்கலைக்கழகத்தில் மருத்துவம் படித்தவர். நாற்பது வயதாக முதலே, 1957இல், வேர்ஜீனியாவில் உளமருத்துவத் துறைக்குத் தலைவரானவர். அந்தப் பதவியோடு இருந்திருந்தால் மரியாதையான ஒரு பேராசிரியராக ஓய்வு பெற்றிருப்பார். அவரோ முற்பிறவி பற்றிக் கதைக்கிற சின்னப் பிள்ளைகளைத் தேடி வெளிக்கிட்டார்.

1961இல் முதல் பயணம். இந்தியாவுக்கும் அப்போதைய இலங்கைக்கும். 1966இல் வந்த அவருடைய பிரபலமான புத்தகத்தில் இருபது சம்பவங்கள் இருக்கின்றன. அதில் மூன்று எங்கட நாட்டினுடையவை. 1977இல் இலங்கையில் நடந்த பத்துச் சம்பவங்களுக்கென்றே தனிப் புத்தகம் போட்டார். காசு எங்கிருந்து வந்தது? செஸ்டர் கார்ல்சன் என்பவரிடமிருந்து. போட்டோகொப்பி தொழில்நுட்பத்தைக் கண்டுபிடித்தவர் அவர்தான். 1968இல் அவர் இறந்தபோது இந்த ஆராய்ச்சிக்கென்று பத்து லட்சம் டொலர் எழுதி வைத்திருந்தார். நாங்கள் சோதனைக்கு முதல்நாள் கொப்பி அடிக்கிற நோட்ஸுக்கும் முற்பிறவி ஆராய்ச்சிக்கும் இப்படி ஒரு சொந்தம் இருக்குது.

ஸ்டீவன்சன் கேட்ட கதைகளுக்கு ஒரு பொது வடிவம் உண்டு. இரண்டுக்கும் ஐந்துக்கும் இடைப்பட்ட வயதில் பிள்ளை கதைக்கத் தொடங்கும். "என்ர வீடு இது இல்லை, வேற அம்மா இருக்கிறா" என்று சொல்லும். எப்படிச் செத்தேன் என்றும் சொல்லும். கனக்கச் சம்பவங்களில் அது கொலை அல்லது விபத்து. பள்ளிக்கூடம் போகிற வயதில் எல்லாம் மறந்துவிடும். அவர் பிள்ளையின் குடும்பத்தை விசாரிப்பார், அயலை விசாரிப்பார், செத்தவரின் குடும்பத்தையும் தேடிப்போவார். பிரேத பரிசோதனை அறிக்கை கிடைத்தால், பிள்ளையின் மச்சத்தையோ தழும்பையோ அதிலுள்ள காயத்தோடு ஒப்பிடுவார். இப்படி இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட கோப்புகள். அவற்றைப் பற்றி எழுதும்போதும் 'நிரூபணம்' என்ற சொல்லைத் தவிர்த்தார். 'மறுபிறவியைச் சுட்டுகிற' சம்பவங்கள் என்றுதான் எழுதினார்.

வரலாறு படிக்கிற ஆளாக எனக்கு இடிக்கிற இடம் வேறு. பெரும்பாலான சம்பவங்களில், ஸ்டீவன்சன் வந்து சேரும் முன்பே இரண்டு குடும்பமும் சந்தித்துவிட்டன. அழுது, கட்டிப்பிடித்து, கதைகளைப் பரிமாறி முடித்துவிட்டார்கள். அதற்குப் பிறகு "பிள்ளை முதலில் என்ன சொன்னது?" என்று கேட்டால் வருகிற பதில் யாருடைய ஞாபகம்? யாரும் பொய் சொல்லத் தேவையில்லை. இரண்டு வீட்டு ஞாபகமும் ஒன்றோடொன்று கலந்துவிடும், அவ்வளவுதான். போதாக்குறைக்கு மொழிபெயர்ப்பாளர் வழியாகத்தான் விசாரணை.

சென்னை கிறித்துவக் கல்லூரியில் மெய்யியல் கற்பித்த சி.டி.கே. சாரி வேறொரு கேள்வி கேட்டார். மறுபிறவியை நம்புகிற சமூகங்களில் மட்டும் ஏன் இந்தக் கதைகள் மலிந்து கிடக்கின்றன? பண்பாடுதானே பிள்ளையின் பேச்சுக்கு வடிவம் கொடுக்குது? ஸ்டீவன்சனிடம் இதற்குப் பதில் இருந்தது. நம்பிக்கை உள்ள இடத்தில் பிள்ளையைக் கதைக்க விடுவார்கள், இல்லாத இடத்தில் வாயை அடைப்பார்கள் என்றார். ஐரோப்பியச் சம்பவங்களையும் தேடித் தொகுத்தார்.

முதல் குறையை அவரும் உணர்ந்திருந்தார். 1988இல், கண்டிப் பக்கம் நிலாம்பையில் தியானம் கற்பித்த கொட்வின் சமரரத்னவோடு சேர்ந்து மூன்று இலங்கைச் சம்பவங்களை வெளியிட்டார். இவற்றில் செத்தவரின் குடும்பத்தைத் தேடமுதலே பிள்ளை சொன்னவை எழுதி வைக்கப்பட்டிருந்தன. முறையாகப் பார்த்தால் அவர் செய்ததில் பெறுமதியானது இதுதான். ஆனால் இவ்வளவு கோப்புகளுக்குள் இப்படி முன்பே எழுதப்பட்டவை மிகச் சொற்பம்.

அதே காலத்தில் இதே தீவில் ஆபிரகாம் கோவூரும் இருந்தார். கேரளாவிலிருந்து வந்து யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியில் படிப்பித்தவர். அற்புத சக்தியை நிரூபித்தால் ஒரு லட்சம் ரூபா என்று 1963இல் சவால் விட்டவர். எங்கட வீடுகளில் கோவூரைத் தெரிந்த அளவுக்கு ஸ்டீவன்சனைத் தெரியாது. கோவூர் ஏமாற்றுக்காரரைத் தேடினார், ஸ்டீவன்சன் நேர்மையான சாட்சிகளைத் தேடினார். நேர்மையான சாட்சியும் பிழையாக இருக்கலாம் என்ற இடம் இரண்டுபேருக்கும் நடுவில் கிடக்குது. கஷ்டமான இடமும் அதுதான்.

இதெல்லாம் வெறும் புதினம் இல்லை. ஸ்டீவன்சனின் 1966 புத்தகத்தில் வருகிற ஒரு இலங்கைச் சிறுவனுக்குப் பிறப்பிலேயே வலது கை குறைபாடு. முற்பிறவியில் மனைவியைக் கொன்ற கை அது என்று அந்தப் பிள்ளையே சொன்னதாகப் பதிவு. குறைபாட்டைப் பாவத்தின் தண்டனையாகத் தன் தரவுகள் பொதுவாகக் காட்டுகின்றன என்று ஸ்டீவன்சன் வாதிடவில்லை. ஆனாலும் ஊர் அப்படித்தான் வாசிக்கும். இன்றைக்கும் மாற்றுத்திறனாளிப் பிள்ளையைப் பார்த்து "போன பிறப்பில என்ன செய்துதோ" என்கிற வாய்கள் எங்களுக்குள் இருக்கு. அந்த வாய்களுக்கு ஒரு பேராசிரியரின் அடிக்குறிப்பும் கிடைத்தால் அதைச் சுமக்கப்போவது அந்தப் பிள்ளைதான்.

இன்னொன்று. செத்தவர்களும் காணாமல் போனவர்களும் இவ்வளவுபேர் இருக்கிற நாட்டில், போனவர் திரும்பி வந்து பேசமாட்டாரா என்று ஏங்குகிறதைப் பகிடி பண்ண எனக்கு மனம் வரவில்லை. அதனாலேயே, வாய்மொழிச் சாட்சிகளைச் சேகரிக்கப்போகிற எங்கட தலைமுறைக்கு ஸ்டீவன்சனின் கோப்புகள் ஒரு பாடப்புத்தகம் என்று நினைக்கிறேன். யார் சொன்னது, யாரிடம் சொன்னது, எப்போது எழுதப்பட்டது, அதற்கு முதல் யார் யாரெல்லாம் கதைத்தார்கள் என்ற நாலையும் ஒவ்வொரு பதிவின் மேலும் திகதியோடு எழுதிவைக்கவேணும். நாளைக்கு ஒருவர் வந்து எங்கட பதிவுகளைச் சந்தேகத்தோடு திறந்தால், சொன்னவர்களைக் காப்பாற்றப்போவது அந்தத் திகதிகள்தான்.