நாள்கணக்கும் கொல்லைப்புறக் கதவும்

விழுப்புரம் பஸ் ஸ்டாண்டில் கடலூர் வண்டிக்குக் காத்திருந்த ஒருவரிடம் பேச்சுக் கொடுத்தேன். மடியிலிருந்த துணிப்பையைத் தொட்டுக்காட்டி, 'இதுக்குள்ளதான் சார் என் சர்வீஸ் இருக்கு' என்றார். சம்பளச் சீட்டுகள், வருகைப் பதிவேட்டின் மங்கிய நகல்கள், இரண்டு மனுக்கள். எந்த அலுவலகம் என்பது இங்கே தேவையில்லை. தொழிலாளர் நீதிமன்றம் இருப்பது கடலூரில். வாய்தாவுக்குப் போகிற அன்றைக்கு அவருக்குக் கூலி கிடையாது. வேலை செய்த நாட்களை நிரூபிக்கப் போகும் நாள், வேலை செய்யாத நாளாகக் கணக்கில் ஏறுகிறது. தற்காலிகத் தொழிலாளர்கள் நீதிமன்றத்தை நாடிய வரலாற்றை இந்த முரணிலிருந்து தொடங்கி வாசிக்கலாம் என்று தோன்றுகிறது.

'அவர் என்.எம்.ஆர்.ப்பா' என்று அரசு அலுவலகங்களில் சொல்வார்கள். நாமினல் மஸ்டர் ரோல் என்பதன் சுருக்கம் இது. பட்டாளத்தில் ஆள் எண்ணுவதற்கான சொல், கூலிக்காரர்களின் பெயரெழுதும் ஏட்டுக்கு வந்து, பிறகு அந்த ஏட்டில் இருக்கும் மனிதருக்கே பெயராகிவிட்டது. அவர் வேலை செய்தார் என்பதற்குச் சாட்சி அந்த ஏடு. ஏடு இருப்பதோ வேலை கொடுத்தவரின் பீரோவில்.

சட்டமும் எண்ணிக்கையின் மொழியில்தான் பேசியது. 1947ஆம் வருஷத் தொழில் தகராறுகள் சட்டம், 12 மாதத்தில் 240 நாள் என்றது. '240 நாள் ஆயிட்டா பர்மனென்ட்' என்ற நம்பிக்கை இதிலிருந்து வந்தது. உண்மையில் அந்த 240, ஆளை நிறுத்தும்போது ஒரு மாத நோட்டீசையும் இழப்பீட்டையும் மட்டுமே உறுதி செய்தது. நிரந்தரத்தைப் பற்றி நேரடியாகப் பேசியது தமிழ்நாட்டின் 1981ஆம் வருஷச் சட்டம்: 24 மாதத்தில் 480 நாள். மோட்டார் போக்குவரத்துத் தொழில் அதன் வரம்புக்குள் வந்தது. ரோடு, பாலம், கட்டடம் கட்டும் நிறுவனங்கள் வெளியே நிறுத்தப்பட்டன. சென்னை-திருச்சி நெடுஞ்சாலையில் இருக்கிற திண்டிவனம், விழுப்புரம் மாதிரி ஊர்களில் இதன் பொருள் என்ன? அந்தச் சாலையில் பஸ் ஓட்டுகிறவர் அந்த 480ஐ எண்ணலாம், சாலையைப் போடுகிறவர் எண்ண முடியாது.

எண்ணைச் சொன்னதுமே எண்ணுக்குக் கீழே நிறுத்தும் உபாயமும் பிறந்துவிட்டது. 'பிரேக்' என்பார்கள். சில நாள் வீட்டுக்கு அனுப்பிவிட்டுத் திரும்பக் கூப்பிடுவது. நிரந்தரத்தை மறுக்கவே ஒருவரை வருஷக்கணக்கில் தற்காலிகமாக வைத்திருப்பது நியாயமற்ற தொழில்முறை என்று 1984இல் நடைமுறைக்கு வந்த திருத்தம் சொன்னது. அடுத்த வருஷமே, ரயில்வே கட்டுமானத் திட்டங்களின் கேஷுவல் தொழிலாளர்களுக்கு 360 நாள் தொடர் வேலைக்குப்பின் 'தற்காலிக அந்தஸ்து' தரும் ஏற்பாட்டை இந்தர்பால் யாதவ் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஏற்றது. தற்காலிகம் என்பதே ஒரு பதவி உயர்வு ஆகிவிடுகிற இடம் இது.

நாளை யார் நிரூபிப்பது? தொழிலாளிதான், வெறும் பிரமாணப் பத்திரம் போதாது என்றது 2002இல் ஹதிமானி வழக்கு. தினக்கூலிக்காரரிடம் நியமன உத்தரவோ ரசீதோ இருக்காது, அவர் கூண்டேறிச் சாட்சி சொல்லி மஸ்டர் ரோலைக் கொண்டுவரச் சொல்லிக் கேட்கலாம் என்றது 2005இல் எல்லட்டி வழக்கு. பீரோவின் சாவி பற்றிய சண்டைதான் இது.

2006இல் உருவகமே மாறுகிறது. பிப்ரவரி 28இல் தமிழக அரசு, அவ்வருஷம் ஜனவரி 1 அன்று பத்தாண்டு முடித்த முழுநேரத் தினக்கூலிகளை நிரந்தரமாக்க அரசாணை 22ஐ வெளியிட்டது. 41 நாள் கழித்து, ஏப்ரல் 10இல், உமாதேவி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அடங்கிய அமர்வு, பணிநியமன விதிகளை மீறி வந்தவர்கள் நிரந்தரத்தை உரிமையாகக் கோர முடியாது என்றது. அனுமதிக்கப்பட்ட காலியிடத்தில் கோர்ட் உத்தரவின் துணையில்லாமல் பத்தாண்டு வேலை பார்த்தவர்களுக்கு மட்டும் ஒரே ஒருமுறை விலக்கு. அதுவரை 'எத்தனை நாள் உழைத்தாய்?' என்று கேட்கப்பட்டவரிடம், இப்போது 'எந்த வாசல் வழியாக வந்தாய்?' என்று கேட்கப்பட்டது.

இந்தக் கேள்வியை ஒரேயடியாகத் தள்ளிவிட முடியாது என்றே நினைக்கிறேன். வேலைவாய்ப்பு அலுவலகப் பதிவை மூன்று வருஷத்துக்கு ஒருமுறை புதுப்பித்துக்கொண்டு வரிசையில் நிற்கும் தலித் இளைஞருக்கு, இட ஒதுக்கீட்டுச் சுழற்சியைத் தாண்டி நடக்கும் நியமனம் அநீதிதான். ஆனால் கொல்லைப்புறக் கதவைத் திறந்து கூப்பிட்டது யார்? காலியிடத்தை முறைப்படி நிரப்பாமல், பாதிக் கூலிக்கு ஆள் எடுத்துப் பத்தாண்டு வேலை வாங்கியதும் அதே அரசுதான். வரிசையில் நிற்பவரையும் உள்ளே உழைப்பவரையும் எதிரெதிராக நிறுத்திவிட்டு, கதவின் சொந்தக்காரர் கணக்கிலிருந்து நழுவிவிடுகிறார். 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கில், மத்திய நீர் ஆணையத்தின் துப்புரவுத் தொழிலாளர்களுக்கு ஆதரவாகத் தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், உமாதேவி தீர்ப்பு தொழிலாளருக்கு எதிராகத் தவறாகப் பயன்படுத்தப்படுவதைச் சுட்டிக்காட்டியது. கேள்வி மறுபடி உழைத்த நாட்களின் பக்கம் கொஞ்சம் திரும்பியிருக்கிறது. திரும்ப 18 வருஷம் பிடித்திருக்கிறது. தினக்கூலிக்காரர் ஒருவரின் வேலைக்காலத்தில் அது பாதி.

கடலூர் வண்டி வந்தது. பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு ஏறினார். 'இன்னிக்கு நாள் போச்சு சார்' என்றார். எந்த ஏட்டிலும் ஏறாத நாள் அது.