போர் சமஸ்தானமும் நம் செஞ்சியும்

"அப்பா, ஊர் பேரே போரா? அங்க போய் என்ன பண்றது?" என்றான் என் பையன். புனேயில் முப்பது வருஷம் இருந்தும் போர் பற்றி எனக்கும் ஒன்றும் தெரியாதுதான். சாத்தாரா சாலையில் காபூர்ஹோள் வந்ததும் பாலாஜி தரிசனத்துக்காக இடப்பக்கம் திரும்பியே பழகியவர்கள் நாம். வலப்பக்கம் திரும்பினால் போர்.

1948 மார்ச் 8-ஆம் தேதி பம்பாய் மாகாணத்தோடு இணையும் வரை அது தனி சமஸ்தானம். 925 சதுர மைல் பரப்பு. ராஜகட், பிரசண்டகட், விசித்திரகட், பவனமாவள், சுதாகட் என ஐந்து தாலுகாக்கள். நான்குக்கு மலைக்கோட்டைகளின் பெயர். பிரசண்டகட் என்பது வேறெதுவுமில்லை, நம் பிள்ளைகள் மழைக்காலத்தில் ஏறப்போகிற தோரணாதான்.

இதன் கதையில் நம்ம ஊர் வருகிறது. 1689-ல் மொகலாயரிடம் ராய்கட் வீழ்ந்தபோது, சிவாஜியின் இளைய மகன் ராஜாராம் தெற்கே தப்பிச் சென்று செஞ்சியில் அரசவை அமைத்தார். மராட்டிய அரசு சுமார் எட்டு வருஷம் தென்னாற்காட்டு மண்ணிலிருந்து நடந்தது! அந்த நேரத்தில் இங்கே சஹ்யாத்திரிக் கோட்டைகளைக் காத்தவர்களில் ஒருவர் சங்கராஜி நாராயண். அவருடைய சேவைக்காக 1697-ல் ராஜாராம் கொடுத்த பதவி 'பந்த் சசிவ்'. செஞ்சி முற்றுகையின் கடைசிக் கட்டம் அது. அந்தப் பதவியிலிருந்து வளர்ந்ததே போர் சமஸ்தானம்.

சங்கராஜியின் முடிவு துயரமானது. ராஜாராம் இறந்தபின் அவர் மனைவி தாராபாய்க்கு விசுவாசமாக இருப்பதாகச் சத்தியம் செய்திருந்தார். 1707-ல் சாஹு மகாராஜா மொகலாயர் பிடியிலிருந்து திரும்பி வந்தார். சத்தியத்தையும் மீற முடியாது, உரிமையுள்ள வாரிசை எதிர்க்கவும் மனமில்லை. அவர் தம் உயிரையே மாய்த்துக்கொண்டார். சாஹு அவருடைய குழந்தைக்கே பதவியைக் கொடுத்தார். எதிரணியில் இருந்தவர் வீட்டுக்கு அப்படிச் செய்தது எனக்குப் பெரிய விஷயமாகத்தான் படுகிறது.

பிறகு நடந்ததைச் சுருக்கமாகச் சொன்னால் போதும். 1849-ல் சாத்தாரா அரசை ஆங்கிலேயர் எடுத்துக்கொண்டபின் போர் நேரே அவர்கள் மேலாண்மைக்குக் கீழ் வந்தது. இணைப்புக்குப் பின் பெரும்பகுதி புனே மாவட்டத்தில் சேர்ந்தது. சுதாகட் இன்று ராய்கட் மாவட்டம்.

எனக்கு இதில் சொந்த விஷயமும் உண்டு. என் அப்பா புதுக்கோட்டைக்காரர். அதுவும் சமஸ்தானம்தான், போர் இணைவதற்கு ஐந்து நாள் முன்னால், 1948 மார்ச் 3-ல் சென்னை மாகாணத்தோடு சேர்ந்தது. திருச்சி மாவட்டத்தில் கரைந்து, 1974-ல் மறுபடி தனி மாவட்டமானது. அப்பா கடைசி வரைக்கும் "எங்க சமஸ்தானத்துல" என்றுதான் பேச்சை ஆரம்பிப்பார். அம்மன் காசு ஒன்றைத் துணியில் முடிந்து வைத்திருந்தார். போர் ராஜவாடா வாசலில் ஒரு பெரியவர் "ஆம்ச்யா சன்ஸ்தானாத்" என்று தொடங்கியபோது எனக்கு அப்பா குரல்தான் கேட்டது.

2024 மார்ச்சில், வேல்ஹே தாலுகாவுக்கு 'ராஜகட்' என்று பெயரிட மகாராஷ்டிர அமைச்சரவை முடிவு செய்தது. 2025 ஜூலையில் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்த பன்னிரண்டு மராட்டியக் கோட்டைகளில் பதினொன்று இங்கே, ராஜகட் அதில் ஒன்று. பன்னிரண்டாவது செஞ்சி. பையனிடம் சொன்னேன். "அடுத்த லீவுக்கு ஊருக்குப் போறப்போ அதையும் பாத்துடலாம்ப்பா" என்றான்.