குறத்தியிடம் கை நீட்டுவோர்



ராயபுரத்தில் வாழும் நமக்குக் குறிசொல்லும் பெண் புதியவள் அல்லள். கையில் கோலும் இடுப்பில் கூடையுமாகத் தெருவில் வரும் அவளிடம் கை நீட்டுவோர் யார் என்று கவனித்திருக்கிறீர்களா? காசிமேட்டிலிருந்து கடலுக்குப் போன கணவன் சொன்ன நாளில் கரை திரும்பாத மனைவி. மகளுக்கு வரன் அமையாத தாய். ஞாயிறுதோறும் ஆலயத்திற்கு வருகிறவர்களும் அவர்களுள் உண்டு.

இவ்வழக்கம் தமிழ் நிலத்தில் மிகப் பழையது. சங்க கால மரபில் கட்டுவிச்சி முறத்தில் நெல்லைப் பரப்பி எண்ணிக் குறி பார்க்கிறாள். அவளை அழைப்பவள், மகள் ஏன் மெலிகிறாள் என்று அறியாமல் கலங்கும் தாய். 18-ஆம் நூற்றாண்டில் தழைத்த குறவஞ்சி நாடகங்களிலோ, காதலால் வாடும் தலைவியின் கைபார்த்து, தலைவன் கிட்டுவான் என்று சொல்லிப் பரிசு பெறுகிறாள் குறத்தி.

குறிகேட்பதை வேதம் தெளிவாக விலக்குகிறது (உபாகமம் 18). 1774-இல் திருநெல்வேலியில் பிறந்து, தஞ்சையில் சுவார்ட்ஸ் ஐயரிடம் வளர்ந்த வேதநாயகம் சாஸ்திரியார் அதனை நன்கறிந்தவர். ஆயினும், 1800-ஆம் ஆண்டளவில் தாம் பாடிய பெத்லகேம் குறவஞ்சியில் அவர் குறத்தியை விரட்டவில்லை. தேவமோகினி பெத்லகேம் நாதருக்காக ஏங்கி நிற்க, ஞானச் சிங்கி வந்து குறி சொல்லுகிறாள். அவள் விசுவாசத்தின் உருவம். கோள்களைக் கொண்டு விதியைக் கணித்த நாட்டில், அக்கோள்கள் சூரியனைச் சுற்றுவதாகக் கூறும் மேனாட்டு வானநூலையும் அதே நூலில் சேர்த்தார். துணிவுதான்!

அவளை அவர் ஏன் தெரிந்துகொண்டார்? எதிர்காலத்தை அறியும் ஆவல் ஒருபுறமிருக்க, குறத்தி கையைப் பற்றி, முகத்தைப் பார்த்து, வேறெவரும் செவிகொடாத துயரத்தைக் கேட்டாள் என்பதே காரணம் என்று எண்ணுகிறேன். கை நீட்டிய சகோதரியைக் கண்டிக்க விரைகிற நாம், அவள் கணவன் கடலுக்குப் போய் எத்தனை நாளாயிற்று என்று கேட்டோமா?

சவுல் ராஜாவை நினைத்துப் பாருங்கள் (1 சாமுவேல் 28). குறிசொல்லுவோரைத் தேசத்திலிருந்து துரத்தியவனே, கர்த்தர் மறுமொழி அருளாத நாளில் வேஷம் மாறி, இரவில் எந்தோருக்குப் போனான். கேட்ட செய்தி அவனை முறித்துப்போட்டது, தரையில் விழுந்தான். இரவும் பகலும் உண்ணாதிருந்த அவனை வருந்தி அழைத்து, தன் வீட்டிலிருந்த கொழுத்த கன்றை அடித்து, மாப்பிசைந்து அப்பம் சுட்டுப் பரிமாறியவள் அந்தக் குறிகாரியே. போர்முனைக்குத் திரும்புமுன் அவன் உண்டதாக வேதம் குறிப்பிடும் கடைசி உணவு அது.