ஒரு மின்முனையும் 22 மின்முனைகளும்

ஒலியை மின்சாரமாக்குவது பெரிய வேலையில்லை. எந்த மைக்கும் அதைச் செய்துவிடும். அந்த மின்சாரத்தைக் கேளாக் காதின் நரம்புக்கு எந்த உருவில் கொடுப்பது? லாஸ் ஏஞ்சலிஸின் வில்லியம் ஹவுஸும் மெல்போர்னின் கிரேம் கிளார்க்கும் இந்த இடத்தில்தான் பிரிந்தார்கள்.

ஹவுஸ் 1961-லேயே தொடங்கிவிட்டவர். 1984-இல் அமெரிக்காவில் ஒப்புதல் பெற்ற அவரது காக்ளியர் கருவியில் ஒரே ஒரு மின்முனை. பேச்சின் அலை, 16,000 ஹெர்ட்ஸ் மின்னலையின் மேல் ஏற்ற இறக்கமாக ஏறி, ஏறக்குறைய அப்படியே நரம்புக்குப் போகும். கிளார்க்கின் கருவிக்கு 1985-இல் ஒப்புதல் கிடைத்தது. அதில் 22 மின்முனைகள். அது பேச்சை அப்படியே அனுப்பவில்லை. குரலின் சுருதிக்கேற்பத் துடிப்பின் வேகம்; உயிரொலியை அடையாளம் காட்டும் அதிர்வெண்ணுக்கேற்ப எந்த மின்முனை என்ற தேர்வு.

உட்காதின் சுருளான காக்ளியா ஆர்மோனியக் கட்டைகளைப் போல. வாயிலருகே உச்ச ஒலி, உள்ளே போகப்போக மந்தம். ஒரே மின்முனை என்றால் எல்லாப் பாட்டையும் ஒரே கட்டையில் வாசிக்க வேண்டும். துடிப்பின் வேகத்தை வைத்துச் சுருதியை உணர்வதும் பெரும்பாலோருக்கு நொடிக்கு 300 துடிப்பு அளவிலேயே நின்றுவிடுகிறது. ‘ஈ’யையும் ‘ஊ’வையும் பிரிப்பதோ ஆயிரம், இரண்டாயிரம் ஹெர்ட்ஸ் பக்கம் நிகழ்கிறது. அதனால் கிளார்க்கின் வழியே சரி என்பதில் எனக்கு ஐயமில்லை. பல மின்முனைகள் கொண்ட இழையைச் சுருளுக்குள் செலுத்தும் வழியை அவர் 1977-இல் கடற்கரையில் ஒரு சுருள் சங்குக்குள் புல்லை நுழைத்துப் பார்த்துக் கண்டுகொண்டார். அடி விறைப்பாக, நுனி நெகிழ்வாக இருந்தால் இழை உள்ளே போகும்.

ஆனாலும் ஹவுஸின் கருவியைத் தோல்வி என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பேச்சின் தாளமும் உரப்பும் அதில் வந்தன. உதட்டசைவைப் பார்த்துப் பேச்சைப் பிடிப்பவருக்கு அவை பெருந்துணை. கதவு தட்டுவது கேட்டது. தன் குரல் எவ்வளவு உயர்கிறது என்று தனக்கே தெரிந்தது. முழு நிசப்தத்தில் இருந்தவருக்கு இவை சின்ன விஷயமா? மின்சாரம் காதைக் கெடுத்துவிடும் என்று அறிஞர்கள் எதிர்த்த காலத்தில் துணிந்து இதைச் செய்தவர் அவர்.

இந்தக் கருவிகளுக்காக 1991-இல் பிளேக் வில்சன் என்ற ஆய்வாளரின் குழு வெளியிட்ட முறையில் ஒலி பல பட்டைகளாகப் பிரிகிறது; ஒவ்வொரு பட்டையின் ஏற்ற இறக்கமும் அதற்குரிய மின்முனையின் சீரான துடிப்பின் மேல் ஏறுகிறது. இடத்தைப் பிரிப்பது கிளார்க்கின் வழி. துடிப்பின் மேல் ஒலியை ஏற்றுவதில் ஹவுஸின் சாயலை நான் காண்கிறேன். 2013-இல் இந்தக் கருவிக்காக லாஸ்கர் மருத்துவ விருது கிளார்க், இதே துறையில் உழைத்த இங்கெபோர்க் ஹோக்மைர், வில்சன் மூவருக்கும் கிடைத்தது. ஹவுஸ் 2012 டிசம்பரிலேயே காலமாகியிருந்தார்.